ஊமையம்மா பாடிய கிணற்றுப் பாட்டு

எங்கள் வீட்டில் வாய் இல்லாதவர் என்று ஒருவரும் கிடையாது. அப்பா மார்க்கண்டு சுன்னாகம் சந்தையில் வெங்காயம் ஏலம் கூறுகிறவர். அவர் தொண்டையைத் திறந்தால் ஸ்டேஷனில் கோச்சிக்குக் காத்து நிற்கிறவனுக்கும் அன்றைய விலை தெரிந்துவிடும். எனக்கு வாய்க்காரி என்று பள்ளிக்கூடத்திலேயே பட்டம். எங்கள் இரண்டு பேரையும் ஒரு சொல்லில் உட்கார வைக்கக்கூடியவர் அம்மா சிவக்கொழுந்து. பண்டத்தரிப்பில் எங்கள் ஒழுங்கைக்குள் வரும் மீன்காரர், அம்மாவுடன் பேரம் பேசத் தெம்பில்லாத நாட்களில் கூவாமலே சைக்கிளை உருட்டிக்கொண்டு போய்விடுவார்.

அந்த அம்மாவைத்தான் சனங்கள் பன்னிரண்டு வருடம் ஊமை என்று நம்பினார்கள். நம்ப வைத்தவர்கள் நாங்கள். அதில் என் பங்கு எவ்வளவு என்பதை இதுவரை நான் முழுதாக எழுதியதில்லை.

எண்பத்திரண்டாம் ஆண்டு வரைக்கும் எங்கள் கச்சேரி என்றால் அப்பாவும் நானும் மட்டும்தான். அப்பா ஆர்மோனியப் பெட்டியை மடியில் வைத்துக்கொண்டு பகிடி சொல்லுவார், இடையிடையே நான் பாடுவேன். கோயில் திருவிழா, கலியாண வீடு, வாசிகசாலை ஆண்டு விழா என்று கூப்பிட்ட இடமெல்லாம் போவோம். அம்மா மேடைப் பக்கம் வந்ததில்லை. "ரெண்டு பேர் கூத்தாடுறது காணும், சமைக்க ஒருத்தர் வேணும்" என்பார்.

அந்த வருடக் கடைசியில் உடுவிலில் ஒரு கலியாண வீடு. உடுவில் அம்மா பிறந்த ஊர், மணப்பெண் அம்மாவுக்குச் சொந்தம். கலியாணத்துக்கு முதல்நாள் பின்வளவில் பெண்கள் கூடியிருந்து பூசணிக்காய் வெட்டினார்கள். வெட்டுகிற கையோடு அம்மா பாடினார், தானே கட்டிய பாட்டு. நல்ல தண்ணி ஊரில் பிறந்த பெண்ணை உவர்த் தண்ணி ஊரில் கட்டிக் கொடுத்துவிட்டார்கள், அதுதான் விசயம்.

"நல்ல தண்ணிக் கிணத்தடியில் நான் வளர்ந்தேன் அம்மா
உவர்த் தண்ணிக் கிணத்தடிக்கு ஏன் குடுத்தாய் அம்மா"

அந்த 'ஏன்' என்ற இடத்தில் அம்மா குரலை மேலே கொண்டுபோய், அங்கே கொஞ்ச நேரம் நிறுத்தி, பிறகு மெல்ல இறக்குவார். எத்தனையோ தரம் முயன்றும் அந்த இறக்கம் எனக்கு வரவில்லை. மாப்பிள்ளை பகுதியில் வந்திருந்த இராசநாயகம் என்பவர் அதைக் கேட்டுக்கொண்டு கிணற்றடியில் முகம் கழுவாமல் அப்படியே நின்றார். அவர் கொழும்பில் தொலைக்காட்சிக்கு நிகழ்ச்சி தயாரிக்கிறவர் என்பது பிறகுதான் தெரிந்தது. குடும்பங்கள் சேர்ந்து நடத்தும் பல்சுவை நிகழ்ச்சி ஒன்று தொடங்கப் போவதாகவும், நாங்கள் மூவரும் வரவேண்டும் என்றும், அம்மாவின் பாட்டுக்காகத்தான் கூப்பிடுவதாகவும் அவர் அப்பாவிடம் சொன்னார்.

அப்பாவுக்குச் சந்தோசம் பாதி, மனத்தாங்கல் பாதி. "எங்கடை கிணத்தைக் கொழும்பு வரைக்கும் கொண்டுபோய் நாறடிக்கப் போறீரோ?" என்று கேட்டார்.

"உவராய் இருந்தால் உவர் எண்டுதான் பாடலாம்" என்றார் அம்மா.

ஆனால் அன்று தொடக்கம் அம்மா வேறு ஆளாகிவிட்டார். தேங்காய் துருவும்போதும், முற்றம் கூட்டும்போதும் வாய்க்குள் முணுமுணுப்புத்தான். ஒருநாள் என்னிடம் வெட்கப்பட்டுக்கொண்டு சொன்னார். "குணம், எனக்குப் பேரும் வேண்டாம் புகழும் வேண்டாம். நான் பாடுறதைச் சனம் ஒருக்காக் கேட்டால் காணும்." அதற்குமேல் அவர் எதற்கும் ஆசைப்பட்டு நான் கண்டதில்லை.

எண்பத்து மூன்று தை மாதம் கோச்சியில் கொழும்புக்குப் போனோம். கலையகத்தில் வெளிச்சம் கண்ணைக் குத்தியது. கூதல் வேறு. எங்கள் வீட்டில் ஒரு சட்டம் இருந்தது. அப்பா ஆர்மோனியத்தில் சுருதி கொடுத்து ஒருமுறை தலையாட்டினால்தான் பாடுகிறவர் வாய் திறக்கலாம். அதற்கு முன் திறந்தால், எந்தச் சபையாக இருந்தாலும் அப்பா பாட்டை நிறுத்திவிட்டு முதலிலிருந்து தொடங்கச் சொல்லுவார். ஒன்பது வயதில் பட்ட அவமானம் எனக்கு இன்னும் மறக்கவில்லை. அம்மாவுக்கும் அந்தச் சட்டத்தைச் சொல்லிக் கொடுத்து, கை சும்மா இருக்கக் கூடாதென்று ஒரு சோடித் தாளத்தையும் கொடுத்திருந்தார்.

கமராவுக்குப் பக்கத்தில் ஒரு சின்னத் தொலைக்காட்சிப் பெட்டி வைத்திருந்தார்கள். படம் பிடிக்கத் தொடங்கியதும் அதில் அப்பா அப்பாவைக் கண்டார். ஐம்பது வயது மனுசன், தன் முகம் பெட்டிக்குள் அசைவதை வாழ்க்கையில் முதன்முதலாகப் பார்க்கிறார். தலையை இந்தப் பக்கம் சரித்தார், பெட்டிக்குள்ளும் சரிந்தது. சுருதியும் மறந்தது, நாங்களும் மறந்துபோனோம்.

அம்மா வாயைத் திறந்தபடி சுருதிக்காகக் காத்திருந்தார். சுருதி வரவில்லை. பொறுத்துப் பார்த்துவிட்டு, ஆளை உசுப்புவதற்காகத் தாளத்தை ஒருமுறை தட்டினார். ணங். அப்பா திடுக்கிட்டுத் திரும்பினார். மனைவி வாயைத் திறந்தபடி இருக்கிறாள், சத்தம் இல்லை. பயத்தில் உறைந்துவிட்டாள் என்று நினைத்துவிட்டார். சந்தையில் பழகிய நாக்கு சும்மா இருக்குமா?

"குறை நினைக்காதேங்கோ. என்ரை மனிசி வாய் பேசாது. சீதனத்தோடை வாய் தர மறந்துபோச்சினம், தாளம் மட்டும்தான் தந்தவை" என்றார்.

அம்மாவுக்கு வந்த கோபத்தில் தாளம் இரண்டு தரம் ஒலித்தது. ணங், ணங்.

அங்கேதான் நான் நுழைந்தேன். எப்படி அந்தச் சொல் வாயில் வந்ததோ தெரியாது. "அம்மா என்ன சொல்லுறா எண்டால், வாய் இருந்திருந்தால் உங்களைக் கட்டியிருக்கமாட்டாவாம்" என்றேன்.

கலையகத்தில் இருந்தவர்கள் சிரித்தார்கள். தமிழ் தெரியாத கமராக்காரர்கூட அம்மாவின் முகத்தைப் பார்த்துச் சிரித்தார். அப்பா கேள்வி கேட்க, அம்மா முறைத்துக்கொண்டு தாளம் தட்ட, நான் மொழிபெயர்க்க, எட்டு நிமிடம் போனது தெரியவில்லை. முடிந்ததும் இராசநாயகம் ஓடிவந்து அப்பாவின் இரண்டு கைகளையும் பிடித்துக்கொண்டார். பாட்டை அடுத்த முறை பார்ப்போம், இதை மாற்றவே வேண்டாம் என்றார்.

திரும்பி வரும்போது கோச்சியில் அம்மா ஜன்னல் பக்கம் முகத்தைத் திருப்பிக்கொண்டிருந்தார். "நீங்கள் சுருதி தரேல்லை" என்று மட்டும் அனுராதபுரத்துக்குக் கிட்டச் சொன்னார். "நீர் வாயைத் திறந்துகொண்டு நிண்டால் நான் என்ன செய்யிறது?" என்றார் அப்பா. இந்த வழக்கு எங்கள் வீட்டில் பன்னிரண்டு வருடம் தீராமல் கிடந்தது.

நிகழ்ச்சி ஒளிபரப்பான மறுநாளே நாங்கள் பெரிய ஆட்கள். யாழ்ப்பாணம் பஸ் நிலையத்தில் பெடியள் அம்மாவைப் பார்த்து உள்ளங்கைகளைத் தாளம்போலத் தட்டிக் காட்டினார்கள். புடவைக் கடையில் முதலாளி அம்மாவிடம் கையால் கதைத்தார். "வெளியிலை வாயைத் திறந்துபோடாதையும், பகிடி கெட்டுப்போம்" என்று அப்பா கட்டளை போட்டுவிட்டார். எங்கள் ஒழுங்கைக்காரருக்கும் உடுவில் சொந்தக்காரருக்கும் மட்டும்தான் உண்மை தெரியும், அவர்களும் பெருமைக்காக வெளியே சொல்லவில்லை. பஸ்ஸிலும் கோயிலிலும் அம்மா அடக்கி வைத்ததெல்லாம் வீட்டுப் படலை சாத்திய உடனே அப்பாவின் தலையில் விழும். அதையும் அப்பா குறித்து வைத்து அடுத்த மேடையில் பகிடியாக்குவார்.

அந்த வருடம் ஆடிக் கலவரத்தில் கொழும்பில் எங்கள் சனத்துக்கு நடந்தது எல்லாருக்கும் தெரியும். இராசநாயகமே உடுத்த உடுப்போடு கப்பலில் வந்து காங்கேசன்துறையில் இறங்கினார். பிறகு கொஞ்சக் காலம் கொழும்புப் பக்கம் நாங்கள் தலை வைத்தும் படுக்கவில்லை. ஆனால் அவர் திரும்பவும் வேலைக்குப் போனார், எங்களையும் கூப்பிட்டார். வழி திறந்திருந்த காலங்களில் போனோம். எல்லாமாக ஐந்து நிகழ்ச்சிகள். ஒவ்வொரு பயணத்துக்கும் முன்னால் அம்மா ஒரே கேள்வியைக் கேட்பார். "இந்த முறை பாடலாமோ?" அப்பாவிடம் ஒரே பதில். "அடுத்த முறை."

நானும் அப்பாவின் பக்கம்தான் நின்றேன். அம்மா பாடினால் மொழிபெயர்க்கிறவளுக்கு என்ன வேலை? பதினேழு வயதில் தொடங்கிய எனக்கு, பஸ்ஸில் முகம் தெரியாதவர்கள் எழும்பி இடம் தருவதும், கொப்பியில் கையெழுத்துக் கேட்பதும் சீனி மாதிரி இருந்தது. அதை விட்டுக்கொடுக்க மனம் வரவில்லை. அம்மாவுக்குச் சமாதானம் சொல்வதுபோல "நீங்கள் பேசாமல் இருக்கிறதுதானம்மா அழகு" என்பேன். இப்போது நினைத்தால் நாக்கைப் பிடுங்கவேண்டும்போல் இருக்கிறது.

ஒருமுறை வவுனியாவில் இராணுவத்தினர் கோச்சியை நிறுத்திச் சோதித்தார்கள். எங்கள் பெட்டிக்குள் ஏறிய ஒரு சிங்களச் சிப்பாய், இருபது வயதிருக்கும், அம்மாவைக் கண்டதும் துவக்கைத் தோளில் மாட்டிவிட்டு இரண்டு கைகளையும் தட்டிச் சிரித்தான். அம்மாவும் ஒருமுறை தட்டிக் காட்டினார். எங்கள் பைகளைத் திறக்காமலே போய்விட்டான். பெட்டியில் இருந்தவர்கள் நிம்மதியாக மூச்சு விட்டார்கள். அப்பா பெருமையோடு மீசையைத் தடவினார். வீட்டுக்கு வந்த பிறகு அம்மா சொன்னார். "உவன் ஊருக்குப் போய்த் தாயிட்டைச் சொல்லுவான், ஊமை மனிசியைக் கண்டனான் எண்டு. எங்கையோ இருக்கிற அந்த மனிசியும் எனக்காகக் கவலைப்படும்." சொல்லிவிட்டு அழுதார்.

எண்பத்தொன்பது மார்கழியில் ஆறாவது நிகழ்ச்சிக்குக் கடிதம் வந்தது. அம்மா கேட்டார், அப்பா வழக்கம்போல அடுத்த முறை என்றார். அம்மா எழும்பினார். உள்ளே போய், ஆணியில் தொங்கிய தாளத்தை எடுத்துக்கொண்டு வந்து குசினி வாசலில் இருந்தார்.

அன்று தொடக்கம் அம்மா வீட்டிலும் ஊமை.

"தேத்தண்ணி இருக்கோ?" என்று அப்பா கேட்டால் ணங், ணங். இல்லை. "பிளாஸ்கிலை கொஞ்சமாவது கிடக்கோ?" ணங், ணங். "இஞ்சரப்பா, என்னோடை கோபமோ?" ணங். ஓம். முதல்நாள் நானும் அப்பாவும் சிரித்தோம். இரண்டாம் நாள் அப்பா தானும் பேசாமல் இருந்து பார்த்தார், மத்தியானத்தைத் தாண்ட முடியவில்லை. மூன்றாம் நாள் மீன்காரர் ஒழுங்கையில் நின்று கூவிக் கூவிப் பார்த்துவிட்டு, அம்மாவுக்குச் சுகமில்லையோ என்று என்னிடம் விசாரித்தார். நாலாம் நாள் அப்பா சந்தையில் ஏலம் கூறும்போது விலையை மாறிச் சொல்லிவிட்டு வந்தார். ஐந்தாம் நாள் காலையில் குசினிக்கு முன்னால் வந்து கைகட்டி நின்றார்.

"பாடும். கிணத்தையும் பாடும், உவரையும் பாடும். என்னையும் சேர்த்துத் திட்டிப் பாடினாலும் பரவாயில்லை. ஒருக்கா வாயைத் திறவும்" என்றார்.

அம்மா தாளத்தைக் கீழே வைத்தார். "புட்டு அவிச்சிருக்கு. போய் முகத்தைக் கழுவிக்கொண்டு வாங்கோ" என்றார்.

தொண்ணூறு மாசியில் போனோம். கிடுகுவேலிகளுக்கு மேலால் விடிந்துகொண்டிருந்தது, அம்மா பச்சைக் கரைச் சேலையில் புதுப்பெண்போல இருந்தார். கலையகத்தில் இராசநாயகம் ஒரு கேள்வி கேட்டார். "அம்மா உண்மையாகப் பேசக்கூடியவ எண்டு முதலிலை ஒரு வார்த்தை சொல்லிப்போட்டுத் தொடங்குவமோ?" அப்பா வேண்டாம் என்றார். பாடுகிறதைக் கேட்டால் சனத்துக்குத் தெரியாதா, சொல்லிவிட்டால் சுவை போய்விடும் என்றார். எங்கள் மூவருக்கும் அது சரியாகத்தான் பட்டது.

எட்டு நிமிடத்தில் ஆறு நிமிடம் வழமையான சண்டை. பிறகு அப்பா, "ஒரு பாட்டாவது பாடமாட்டீரோ?" என்று கேட்டார். ணங். அப்பா பெட்டியை அழுத்திச் சுருதி கொடுத்தார். தலையாட்டினார். அம்மா பாடினார்.

முதலிரண்டு அடிகளை அப்பா பலதரம் கேட்டவர். அதோடு ரோசம் வந்து எழும்பிப் போய்விடுவார், மிச்சத்தை அவர் ஒருநாளும் கேட்டதில்லை. அன்று எழும்ப வழியில்லை.

"வாளியிலே அள்ளினாலும் வாய்க்குதவாத் தண்ணி
வந்த மச்சான் முகம் பார்த்துக் குடிக்கிறேனே அம்மா"

அப்பாவின் விரல் பிழையான கட்டையில் பட்டது. அவர் சரிசெய்யவில்லை. குனிந்த தலையை நிமிர்த்தவும் இல்லை.

பங்குனியில் ஒளிபரப்பினார்கள். எங்கள் ஒழுங்கையே எங்கள் வீட்டுக்குள் இருந்தது. அம்மாவின் முகம் திரை நிறைய வந்தது, குரல் வந்தது, அந்த 'ஏன்' வந்தது. பிறகு கமரா மெல்ல நகர்ந்து என்னிடம் வந்தது. என் உதடுகள் பாட்டுக்குச் சரியாக அசைந்துகொண்டிருந்தன. பாட்டு முடியும்வரை கமரா என்னிலேயே நின்றது.

"அட, நீயே பாடினனீ?" என்றார் முன்வீட்டுப் பொன்னம்பலம் மாமா. அம்மாவின் வசவு தெரிந்த ஒழுங்கைதான், பாட்டு ஒருவருக்கும் தெரியாதே. "இல்லை மாமா, பழக்கத்திலை வாய் அசைஞ்சுபோச்சு" என்றேன். அவருக்கு விளங்கியது. ஒழுங்கைக்கு வெளியே இருந்த நாட்டுக்கு யார் விளக்குவது?

அடுத்த கிழமை அம்மாவும் நானும் சுன்னாகம் சந்தைக்குப் போனோம். வெளியூரிலிருந்து வந்து உடுவிலில் படிப்பிக்கிற செல்வநாயகி ரீச்சர் எதிரே வந்தார். சங்கீதம் தெரிந்தவர், சும்மா புகழமாட்டார். என் கையைப் பிடித்துக்கொண்டு, "என்ன குரல் பிள்ளை உனக்கு. அந்த 'ஏன்' எண்ட இடத்திலை நான் அழுதுபோட்டன். அம்மாவும் பாவம், என்ன வடிவாய் வாயசைச்சவ" என்றார். பிறகு அம்மாவைப் பார்த்து, கையால் உதட்டைத் தொட்டுக் காட்டிச் சிரித்தார்.

அம்மா கத்தரிக்காய்ப் பையோடு என் பக்கத்தில் நின்றார். என்னைப் பார்த்தார். நான் சொல்லவேண்டியது ஆறேழு சொல்தான்.

"சந்தோசம் ரீச்சர்" என்றேன்.

வைகாசியில் இராசநாயகம் ஒரு கட்டுக் கடிதங்கள் அனுப்பினார். மட்டக்களப்பு, மலையகம், கொழும்பு என்று எல்லா இடத்திலிருந்தும் வந்தவை. அப்பா கண்ணாடியைப் போட்டுக்கொண்டு உரத்து வாசிக்கத் தொடங்கினார். மகளின் குரல் தேன், மகளின் குரலுக்குத் தாய் வாயசைத்த விதம் அற்புதம். மூன்றாவது கடிதத்தின் பாதியில் நிறுத்தி, கட்டைத் திரும்பக் கட்டினார். "அடுத்த நிகழ்ச்சியிலை எல்லாத்தையும் விளக்கிச் சொல்லுவம்" என்றார். அம்மா அடுப்பில் பால் பொங்குகிறது என்று எழும்பிப் போனார். அடுப்பில் பால் இருக்கவில்லை.

ஆனியில் யுத்தம் திரும்பவும் தொடங்கியது. கோச்சி நின்றது, கரண்ட் நின்றது, தொலைக்காட்சிக் கோபுரமும் போனது. அடுத்த நிகழ்ச்சி என்று ஒன்று வரவேயில்லை. ஐந்து வருடம் குடாநாட்டில் பெட்டிகள் துணி மூடிக் கிடந்தன. அதனால் கடைசியாகப் பார்த்தது சனத்தின் மனதில் அழியாமல் நின்றுவிட்டது. கலியாண வீடுகளில் பெற்றோல்மக்ஸ் வெளிச்சத்தில் என்னை எழுப்பி, கிணற்றுப் பாட்டைப் பாடச் சொல்லுவார்கள். நான் பாடினேன். எனக்கு வராத அந்த இறக்கத்தை மழுப்பிப் பாடினேன். பக்கத்தில் இருந்து அம்மா தாளம் போட்டார். ஒரு தரமாவது தாளம் பிசகியிருந்தால் எனக்கு ஆறுதலாக இருந்திருக்கும்.

தொண்ணூற்றைந்து ஐப்பசிக் கடைசியில், இராணுவம் நெருங்க, எங்கள் வலிகாமம் பகுதி முழுவதும் ஒரே நாளில் எழும்பி நடந்தது. அந்த நடையைப் பற்றி எழுதியவர்கள் பலர், நான் எழுதப் போவதில்லை. மழைக்குள் நடந்து தென்மராட்சிக்கு வந்து மீசாலையில் ஒரு பள்ளிக்கூடத்தில் ஒதுங்கினோம். ஒரு வகுப்பறைக்குள் ஒன்பது குடும்பங்கள். சுன்னாகத்திலிருந்து வந்த தங்கமுத்து என்ற பெண் அம்மாவைக் கண்டவுடனே அடையாளம் பிடித்துவிட்டாள். ஊமையம்மா என்று இரங்கி, ஒழுகாத மூலையை ஒதுக்கித் தந்து, கஞ்சி குடித்தீர்களா என்று கையால் கேட்டாள். அம்மா இருந்த களைப்பில் கையாலேயே பதில் சொன்னார். பிறகு வாய் திறக்கச் சந்தர்ப்பம் வரவில்லை.

நாலாம் நாள் பின்னேரம், மழை விடவில்லை. பிள்ளைகள் அழுதுகொண்டிருந்தன. "பிள்ளை, அந்தக் கிணத்துப் பாட்டை ஒருக்காப் படியும். நாலு பேருக்கு மனம் ஆறும்" என்றாள் தங்கமுத்து. நான் எழும்பிப் பாடினேன்.

அதுவரை அந்தப் பாட்டுக்குச் சிரித்தவர்களைத்தான் அதிகம் கண்டிருக்கிறேன். அன்று இரண்டாவது அடியிலேயே ஒரு கிழவர் துவாயால் முகத்தை மூடிக்கொண்டார். ஊரை விட்டு வந்த எல்லாருக்கும் நல்ல தண்ணிக் கிணறும் உவர்க் கிணறும் ஒன்றாகத்தான் பறிபோயிருந்தன. ஒரு தாய் என் சட்டையின் ஓரத்தைப் பிடித்துக்கொண்டு அழுதாள். அப்படி என்னை ஒருவரும் பார்த்ததில்லை. அந்தச் சந்தோசத்தோடு நான் அறையைச் சுற்றிப் பார்த்தேன்.

மூலையில் அம்மா ஈரச் சேலையை வாங்குப் பலகையில் விரித்துக்கொண்டிருந்தார். அவருடைய உதடுகள் என் பாட்டுக்குச் சரியாக அசைந்துகொண்டிருந்தன. சத்தம் இல்லை.

எனக்கு மேலே பாட வரவில்லை. "இது நான் பாடினதில்லை" என்றேன். "ரீவியிலை பாடினது அம்மா."

எல்லாரும் கண்ணைத் துடைத்துக்கொண்டு சிரித்தார்கள். எங்கள் பகிடியின் அடுத்த கட்டம் என்று நினைத்தார்கள். அப்பா எழும்பி நின்றார். அம்மா என்னைப் பார்த்து, வேண்டாம், வேண்டாம் என்று கையை ஆட்டினார்.

"அம்மா ஊமையில்லை. கமரா என்ரை பக்கம் திரும்பினதை நான் கண்டனான். கண்டுதான் வாயசைச்சனான். பழக்கத்திலை இல்லை. அஞ்சு வருசமாப் பொய் சொல்லிக்கொண்டு திரியிறன்."

"போதும், குணம்" என்றார் அம்மா.

எல்லாரும் அம்மாவின் பக்கம் திரும்பினார்கள். தங்கமுத்துவின் கையில் இருந்த கோப்பை சரிந்து கஞ்சி சிந்தியது. "சந்நிதி முருகா, வாயைத் திறந்துபோட்டாய்" என்று அவள் அம்மாவின் காலடியில் இருந்துவிட்டாள். அடுத்த வகுப்பிலிருந்தும் சனம் ஓடிவந்தது. அம்மா, தான் பிறந்ததிலிருந்து கதைக்கிறதாகச் சொன்னார். ஓம் அம்மா, ஓம் என்று தலையாட்டினார்கள், ஒருவரும் நம்பவில்லை. அப்பா முப்பத்தொரு வருடக் கலியாண வாழ்க்கையைச் சாட்சிக்கு அழைத்து, தான் வாங்கிய திட்டுக்களைச் சொல்லிப் பார்த்தார். அவர் சொன்ன ஒவ்வொன்றுக்கும் சிரித்தார்கள். அப்பா தோற்றுப்போய் வாங்கில் இருந்துவிட்டார்.

"ஒருக்காப் பாடுங்கோ அம்மா" என்று யாரோ கேட்டார்கள்.

அம்மா சேலையை உதறி விரித்துவிட்டு, நின்றபடியே நாலு அடியையும் பாடினார். ஐம்பத்தைந்து வயதுக் குரல், மேலே போகும்போது கரகரத்தது. 'ஏன்' என்ற இடத்தில் ஏறி நின்று, யாரையும் அவசரப்படுத்தாமல் இறங்கியது. அறையில் ஒரு பிள்ளையும் அழவில்லை. கடைசி அடியை அம்மா அப்பாவைப் பார்த்துப் பாடினார், அப்பா வெளிப்படையாகவே அழுதார். அம்மா ஆசைப்பட்டது அன்று நடந்தது. எண்ணினால் எழுபது எண்பது பேர் இருப்பார்கள். நனைந்த, பசித்த சனம். அவர்கள் கேட்டது முருகன் கொடுத்த குரலைத்தான் என்றாலும், அம்மாவின் வாயிலிருந்து கேட்டார்கள்.

மழை கொஞ்சம் விட்ட பிறகு அம்மாவும் நானும் வெளிப்படியில் இருந்தோம். பேச எனக்குத்தான் பயமாக இருந்தது.

"நான் வேணுமெண்டு வாயசைச்சது உங்களுக்கு முதலே தெரியுமோ?"

"பாடேக்கையே தெரியும். கமரா எங்கை நிக்குதெண்டு நான் என்னத்தைக் கண்டன். உன்னைப் பார்த்துக்கொண்டுதான் பாடினனான். நீ எங்கையோ திரும்பிப் பார்த்துப்போட்டுத்தான் வாயசைச்சாய்."

"பிறகேன் அம்மா ஒருநாளும் என்னட்டைக் கேக்கேல்லை?"

அம்மா சேலைத் தலைப்பால் என் முகத்தைத் துடைத்துவிட்டார். "கேட்டால் நீ இல்லையெண்டு சொல்லியிருப்பாய், குணம். உன்ரை வாயாலை அதைக் கேக்கிற தைரியம் எனக்கு இருக்கேல்லை."

நான் அந்தத் தலைப்பைப் பிடித்துக்கொண்டேன். அம்மா கேட்டிருந்தால், நான் இல்லையென்றுதான் சொல்லியிருப்பேன்.